ஒன்று ஆறுக்கு அடித்த மணி

போர்டில் முப்பத்தொன்பது என்று சிவப்பாக எரிந்துகொண்டிருந்தது. சங்கரவடிவுடைய எண் ஐம்பத்திரண்டு. நடுவில் பன்னிரண்டு வழக்கு, அந்தப் பன்னிரண்டு வழக்குக்கு உரியவர்களும் இந்த வராந்தாவில்தான் எங்கேயாவது உட்கார்ந்திருக்க வேண்டும், யாருக்கு என்ன நடந்திருக்கும் என்று அவள் ஒவ்வொரு முகமாகப் பார்த்துக்கொண்டு வந்தாள். தூண் பக்கத்தில் ஜவுளிக்கடைப் பையைப் பிள்ளை மாதிரி மடியில் வைத்திருக்கிற ஆளுக்கு நிலத் தகராறாக இருக்கும், நிலத் தகராறுக்காரர்கள் பையை மடியை விட்டு இறக்குவதில்லை என்று வந்த அரை மணி நேரத்தில் அவளாகவே ஒரு முடிவுக்கு வந்திருந்தாள். அந்தப் பக்கம் யூனிபாரம் இல்லாத போலீஸ்காரர் ஒருவர், ஷூவைப் பார்த்தால் தெரிகிறது, அவரும் தன்னைப் போல சஸ்பெண்ட் ஆனவர்தானோ என்னவோ. போய்க் கேட்கலாமா, உங்களை எதுக்குங்க நிறுத்தி வச்சாங்க என்று. கேட்டால் அவர் திருப்பிக் கேட்பார், உங்களை எதுக்கு என்று. மணி அடிச்சேன் என்று சொல்ல வேண்டும். மணி அடித்ததற்கா என்பார். ஆமாம், மணி அடிப்பதுதான் என் வேலை, பெண்கள் மேல்நிலைப்பள்ளியில் அலுவலக உதவியாளர், பத்தொன்பது வருஷம் அடித்தேன், பத்தொன்பது வருஷமும் சரியாக அடித்தேன், போன மார்ச் மாதம் பிளஸ் டூ கணக்குப் பரீட்சையன்று ஒண்ணேகால் மணிக்கு அடிக்க வேண்டிய கடைசி மணியை ஒன்று ஆறுக்கு அடித்துவிட்டேன். அன்று சாயங்காலமே ஆர்டர் வந்துவிட்டது. அந்த ஆர்டரை இந்த ஏழு மாதத்தில் எத்தனை தடவை வாசித்திருப்பாள் என்று அவளுக்கே கணக்கில்லை. பொதுநலன் கருதித் தற்காலிகப் பணிநீக்கம் செய்யப்படுகிறார். பொதுநலன் என்கிற ஆளை அவள் பார்த்ததில்லை, ஆனால் அவளைத் தெருவில் நிற்கவிட்டால் அந்த ஆளுக்கு ஏதோ நல்லது நடக்கிறது. முன் அனுமதியின்றித் தலைமையிடத்தை விட்டு வெளியேறக் கூடாது. அப்படியானால் மதுரைக் கோர்ட்டுக்கு வந்து உட்கார்ந்திருப்பது வெளியேறியதாகுமா? இதையும் வக்கீலிடம் கேட்டாள், அந்தப் பெண் சிரித்துவிட்டு, கோர்ட்டுக்கு வரலாம்க்கா என்றது. ஆர்டரின் முதல் வரியில் திரு. சங்கரவடிவு என்று டைப் அடித்து, யாரோ நீல மையால் 'திரு'வை ஒட்டி 'மதி' என்று எழுதிச் சேர்த்திருந்தார்கள். அந்த இரண்டு எழுத்தின் மேல்தான் அவளுக்கு ஆச்சரியம். அத்தனை அவசரத்திலும் யாரோ ஒருவர் ஒரு கணம் நிறுத்தி, இது பொம்பளையாச்சே என்று நினைத்திருக்கிறார். யார் அது? ஆணா பெண்ணா? நினைத்துவிட்டு அப்புறம் கையெழுத்துக்கு அனுப்பிவிட்டார்.

நாற்பது வந்தது. உள்ளேயிருந்து கறுப்பு அங்கிகள் வெளியே வந்தன, வெளியே நின்ற அங்கிகள் உள்ளே போயின, கதவு தானாக மூடிக்கொண்டது. கதவு மூடும்போது ஒரு சின்ன மூச்சுவிடும் சத்தம் கேட்கிறது. அந்தச் சத்தம் அவளுக்குப் பிடித்திருந்தது, தடார் என்று சாத்தாமல் யாரோ கையைக் கொடுத்து மெல்ல விடுகிற மாதிரி. மணி அடித்தபின் தண்டவாளத்தைக் கையால் பிடித்தால் அதுவும் இப்படித்தான் அடங்கும், உள்ளங்கையில் கூச்சம் மாதிரி கொஞ்ச நேரம் இருக்கும். அவர்கள் பள்ளியில் மின்சார மணி கிடையாது, இருந்தது, எலி கடித்தபின் யாரும் சரிசெய்யவில்லை. ஒரு முழ நீளத் தண்டவாளத் துண்டு வராந்தா உத்தரத்தில் சங்கிலியில் தொங்கும், அடிக்க ஓர் இரும்புக் கம்பி. வடிவுடைய வீட்டுக்காரர் பால்துரை அடித்த கம்பி அது, அவர் மஞ்சள்காமாலையில் போனபின் கருணை அடிப்படையில் வேலையும் கம்பியும் சேர்ந்து அவளுக்கு வந்தன. சரி, அது கிடக்கட்டும், அன்றைக்கு என்ன நடந்தது, மறுபடியும் முதலிலிருந்து வா. பத்து மணிக்கு ஒரு மணி, கேள்வித்தாள் கட்டு பிரிக்க. பத்தேகாலுக்கு எழுத ஆரம்பிக்க. பதினொன்றேகாலுக்கு ஒன்று, பன்னிரண்டேகாலுக்கு இரண்டு, எல்லாம் சரி, எல்லாவற்றையும் அந்த அறைக் கண்காணிப்பாளர்களே சரியென்று எழுதிக் கொடுத்திருக்கிறார்கள். பன்னிரண்டு ஐம்பதுக்கு மூன்றாம் அறையில் கூடுதல் தாள் கேட்டார்கள், கொண்டுபோய்க் கொடுத்தாள், தாள் கட்டுகிற நூல் தீர்ந்துவிட்டது என்றார்கள், நூலும் கொண்டுபோனாள். திரும்பி வந்து குழாயில் தண்ணீர் குடித்தாள், தண்ணீர் சூடாக இருந்தது. சத்துணவுக் கூடத்தில் யாரோ அண்டாவைச் சிமெண்டுத் தரையில் இழுத்தார்கள், சத்தம் போடாதீங்க என்று கைகாட்டிவிட்டு வந்தாள். ஸ்டூலில் உட்கார்ந்தாள். ஆபீஸ் அறை ஜன்னல் வழியே கடிகாரம் தெரியும். பெரிய முள் ஒன்றில் இருந்தது. ஒன்று ஐந்து. இன்னும் ஐந்து நிமிடம் போனால் எச்சரிக்கை மணி, ஒரே ஒரு தட்டு, அதற்கப்புறம் ஐந்து நிமிடத்தில் நீள மணி என்று அவள் மனசுக்குள் சொல்லிக்கொண்டது கூட ஞாபகமிருக்கிறது. பிள்ளைகள் எழுதும் சத்தம் கேட்டுக்கொண்டிருந்தது. இருநூறு பேர் வாய் பேசாமல் எழுதினால் ஒரு சத்தம் வரும், காய்ந்த புல்லை ஆட்டுமந்தை கடிக்கிற மாதிரி. அதைக் கேட்டுக்கொண்டிருந்தாள். அதற்கு அடுத்தது அவளுடைய கை. கை மேலே போயிருக்கிறது, கம்பி தண்டவாளத்தில் பட்டுப் பட்டுத் திரும்புகிறது, ஒரு தட்டு இல்லை, நீள மணி, வேறு பள்ளியிலிருந்து பரீட்சைக்கு வந்திருந்த முதன்மைக் கண்காணிப்பாளர் வாயைத் திறந்துகொண்டு ஓடிவருகிறார், அவர் கத்துவது மணிச் சத்தத்தில் கேட்கவில்லை. நடுவில் ஒன்றுமில்லை. ஒன்று ஐந்துக்கும் ஒன்று ஆறுக்கும் நடுவில் இருந்த அந்த ஒரு நிமிடத்தைத்தான் ஏழு மாதமாகத் தேடிக்கொண்டிருக்கிறாள். எழுந்தது ஞாபகமில்லை, கம்பியை எடுத்தது ஞாபகமில்லை. தூங்கினாளா? தூங்கினவள் எழுந்து நாலு எட்டு நடந்து கம்பியை எடுப்பாளா?

ஆளாளுக்கு ஒரு காரணம் வைத்திருந்தார்கள், அதுதான் வேடிக்கை, அவளைத் தவிர எல்லோருக்கும் காரணம் தெரிந்திருந்தது. அலட்சியம் என்று ஆர்டர் சொன்னது. மகள் போனில், உனக்கு சுகர் இறங்கிருக்கும்மா, காலையில சாப்பிட்டியா என்றாள். சங்கத்துச் செயலாளர், ஒரே ஆளைத் தண்ணி தூக்கவும் தாள் தூக்கவும் மணி அடிக்கவும் விட்டால் இப்படித்தான் என்று பேட்டி கொடுக்கத் தயாராக வந்தார். எதிர்வீட்டுக்காரி, பால்துரை அண்ணன் வந்து அடிச்சிருப்பாவ என்று குரலைத் தாழ்த்திச் சொன்னாள், வடிவு அதையும் விடாமல் ஒரு மத்தியானம் முழுக்க யோசித்துப் பார்த்தாள், இல்லை, அவர் நீள மணியை முடிக்கும்போது ரெண்டு சின்னத் தட்டு தட்டி முடிப்பார், அன்றைக்கு அந்தத் தட்டு இல்லை. கடைசியாக வக்கீல் ஜெஸிந்தா ஒரு காரணம் சொன்னது. முப்பது வயதிருக்கும், வேகமாகப் பேசும், பேசும்போது பேனா மூடியைக் கடிக்கும். கடிகாரம் ஒன்பது நிமிஷம் ஃபாஸ்டா ஓடியிருக்குக்கா, நீங்க அதைப் பார்த்து அடிச்சீங்க, தப்பு கடிகாரத்தோடது, சிம்பிள். அப்படியே பிரமாணப் பத்திரத்தில் ஆறாவது பத்தியாக எழுதி, இங்கிலீஷில் இருந்ததைத் தமிழில் வாசித்தும் காட்டியது. கேட்கும்போது வடிவுக்கு நெஞ்சுக்குள் ஏதோ இறங்கி உட்கார்ந்த மாதிரி இருந்தது. பழுதடைந்த கடிகாரம். எவ்வளவு சுத்தமான வார்த்தை. கையெழுத்துப் போட்டாள். போடும்போதே அவளுக்குத் தெரியும், அன்று காலை ஒன்பது மணிக்கு ஆபீஸ் கிளார்க் தங்கப்பழம் சார் நாற்காலி மேல் ஏறி, செல்போனைப் பார்த்து, நொடி முள் வரைக்கும் சரிசெய்து கடிகாரத்தை மாட்டினார். அந்த நாற்காலிக்கு ஒரு கால் ஆடும். நாற்காலியைப் பிடித்துக்கொண்டு நின்றது அவள்தான். போன சனிக்கிழமை பஸ் ஸ்டாண்டில் தங்கப்பழத்தைப் பார்த்தாள். கையில் முருங்கைக்காய்க் கட்டு. சஸ்பெண்ட் ஆன அன்று அவளுடைய டிபன் தூக்கையும் குடையையும் தன் சைக்கிளில் மாட்டிக்கொண்டு, தெருவில் எல்லோரும் பார்க்க, வீடு வரைக்கும் கூடவே வந்த மனிதர் அவர்.

"எனக்கு ஒரு மெமோ வந்திருக்கு வடிவம்மா" என்றார், மழை வரும் போலிருக்கு என்பதுபோல.

"எதுக்கு சார்?"

"கடிகாரம் யார் பொறுப்புன்னு கேக்காங்க. உங்க பெட்டிஷன் காப்பி ஆபீசுக்கு வந்திருக்கும்லா, அதுல கண்டது."

"நீங்க என்ன எழுதப் போறீங்க?"

"பாப்போம்" என்றார். அப்புறம் முருங்கைக்காயில் நாலு உருவி அவள் பையில் போட்டுவிட்டு பஸ் ஏறிவிட்டார். மெமோ என்கிற வார்த்தையைச் சொல்லும்போது அவர் முகத்தில் கோபமே இல்லை. அதுதான் அவளைச் சனி, ஞாயிறு, திங்கள், செவ்வாய் நாலு நாளும் உட்காரவிடவில்லை. பதினாலு மாதத்தில் ஓய்வு பெறப் போகிறவர். விசாரணை நிலுவையில் இருந்தால் ஓய்வு பெறும் நாளன்று மாலையும் கிடையாது, ஆர்டரும் கிடையாது, நிறுத்தி வைத்துவிடுவார்கள். ஒருவேளை அவருக்குக் கோபம் வந்து முகத்தில் காட்டவில்லையோ? முருங்கைக்காய் எதற்கு? கோபமாக இருப்பவர் முருங்கைக்காய் கொடுப்பாரா?

நாற்பத்துமூன்று. ஜவுளிக்கடைப் பைக்காரர் எழுந்து உள்ளே போனார், பையை நெஞ்சோடு அணைத்துக்கொண்டு. நிலம்தான், சந்தேகமில்லை. வடிவு காலை நீட்டி மடக்கினாள். பெஞ்சு வழவழவென்று இருந்தது, எத்தனை பேர் உட்கார்ந்து தேய்த்த வழவழப்பு. அவளிடம் இன்னொரு காரணமும் இருந்தது, இதை யாரிடமும் சொல்லவில்லை, ஜெஸிந்தாவிடமும் சொல்லவில்லை, மகளிடமும் இல்லை, தனியாக இருக்கும்போதுகூட இதன் பக்கத்தில் போய்விட்டுத் திரும்பிவிடுவாள். இப்போது அந்த நினைப்பின் பக்கத்தில் போனாள். வேலைக்குச் சேர்ந்து ரெண்டாவது வருஷமோ மூன்றாவது வருஷமோ, ஒரு சாதாரண நாள், மூன்றாவது பீரியட் நடந்துகொண்டிருக்கிறது, கம்பியைத் துடைத்துக்கொண்டிருந்தாள். தொள்ளாயிரம் பிள்ளைகளும் முப்பது டீச்சர்களும் உள்ளே இருக்கிறார்கள். இப்போது நான் ஒரு தட்டு தட்டினால் என்ன ஆகும்? அப்படி ஒரு நினைப்பு வந்தது. எல்லோரும் எழுந்திருப்பார்கள். தமிழம்மா பாதிச் செய்யுளில் புத்தகத்தை மூடிவிடுவார். ஹெட்மாஸ்டர்கூடத் தன் வாட்சைப் பார்த்து, வாட்சைத்தான் சந்தேகப்படுவார். என் கைக்கு இவ்வளவு இருக்கா என்று சிரித்துக்கொண்டாள், கம்பியை மாட்டிவிட்டாள், அவ்வளவுதான். ஆனால் அந்த நினைப்பு எங்கே போயிருக்கும்? நினைப்பு வந்தால் எங்கேயாவது போய்த்தானே ஆக வேண்டும். பதினாறு வருஷம் கைக்குள்ளேயே கிடந்து, ஒரு சூடான மத்தியானம், ஆட்டுமந்தை கடிக்கிற சத்தத்தைக் கேட்டுக்கொண்டிருக்கும்போது, பார்த்துவிடலாம் என்று எழுந்ததா? அப்படியானால் அது அலட்சியமும் இல்லை, சுகரும் இல்லை. அதற்குப் பேர் என்ன? வடிவுக்கு உடம்பு ஒருதரம் சிலிர்த்தது. பயம்தான். ஆனால் வெறும் பயமா என்றால் அதுவும் இல்லை, குழந்தையில் கிணற்றை எட்டிப் பார்க்கும்போது வருகிற மாதிரி ஒன்று, விழுந்துவிடுவோம் என்றும் இருக்கும், அடியில் என்ன தெரிகிறது என்றும் இருக்கும். அன்றைக்கு அந்த மணியைக் கேட்டு, யாரும் தடுக்கும் முன்பே, கடைசிக் கட்டிடத்தில் ரெண்டு அறையில் தாளை வாங்கிக் கட்டிவிட்டார்கள், பிள்ளைகள் வெளியே போய்விட்டார்கள், வெளியே போனவர்களைத் திரும்ப உள்ளே விட விதி இல்லை. முப்பத்தெட்டுப் பிள்ளைகள். ஆளுக்கு ஒன்பது நிமிடம். முந்நூற்று நாற்பத்திரண்டு நிமிடம், ஐந்தே முக்கால் மணி நேரத்துக்குக் கொஞ்சம் குறைவு, எழுதாமலே போன நேரம். ஒரு பரீட்சை முழுக்க எழுதி முடித்து மறு பரீட்சையும் முக்கால்வாசிக்கு மேல் எழுதிவிடலாம். அந்த முப்பத்தெட்டில் பெனிஷா என்று ஒருத்தி ஏப்ரலில் வீட்டுக்கே வந்தாள். திட்ட வந்திருக்கிறாள் என்று வடிவு வாசலிலேயே நின்றாள். அவள் செருப்பைக் கழற்றிவிட்டு உள்ளே வந்து உட்கார்ந்து, தண்ணீர் வாங்கிக் குடித்துவிட்டு, ஏன்க்கா அப்ப அடிச்சீங்க என்று கேட்டாள். கோபமில்லாமல், கணக்கில் ஒரு வரி எப்படி வந்தது என்று கேட்கிற குரலில். எனக்கு ரெண்டு வரிதான்க்கா பாக்கி இருந்திச்சு, விடை தெரியும், எழுத விடல. வடிவு காலித் தம்ளரை வாங்கி வைத்தாள். அந்தப் பிள்ளை கொஞ்ச நேரம் காத்திருந்து பார்த்துவிட்டுப் போய்விட்டது. இந்த ஏழு மாதத்தில் ஏன் என்று கேட்டது அந்தப் பிள்ளை ஒன்றுதான். மற்றவர்கள் எல்லோரும் சொன்னார்கள்.

"அக்கா, நாற்பத்தேழு ஓடுது. உள்ள வந்து பின்னாடி நின்னுக்கங்க. போனை ஆஃப் பண்ணிட்டீங்கள்ல?" ஜெஸிந்தா வந்து நின்றது, கையில் கட்டு, வாயில் பேனா மூடி.

வடிவு எழுந்திருக்கவில்லை. "மேடம், ஒண்ணு சொல்லணும். கடிகாரம் சரியாத்தான் ஓடிச்சு."

ஜெஸிந்தா மூடியை வாயிலிருந்து எடுத்தது. "என்னது?"

"ஒன்பது நிமிஷம் ஃபாஸ்ட்டுல்லாம் இல்ல. அன்னைக்கிக் காலையில எங்க சார் செட் பண்ணும்போது நாற்காலியப் பிடிச்சிக்கிட்டு நின்னது நான்தான்."

"இதை இப்ப சொல்றீங்களேக்கா. அன்னைக்கு வாசிச்சுக் காட்டினப்ப தலையாட்டினீங்க."

"ஆட்டினேன். கேக்கதுக்கு நல்லா இருந்திச்சு." வடிவு தரையைப் பார்த்தாள். "இப்ப அந்த சாருக்கு மெமோ குடுத்திருக்காங்க. அவருக்குப் பதினாலு மாசந்தான் சர்வீஸ் இருக்கு."

ஜெஸிந்தா பக்கத்தில் உட்கார்ந்தது. வேகமாகப் பேசுகிற பெண் வேகமாகப் பேசாமல் இருந்ததை வடிவு முதல் தடவையாகப் பார்த்தாள். "சரி. அப்ப ஏன் அடிச்சீங்க? அதைச் சொல்லுங்க, அதை வெச்சு ஏதாவது பண்றேன்."

"தெரியல."

"தெரியலன்னு கோர்ட்ல சொல்ல முடியாதுக்கா."

"ஏன் சொல்ல முடியாது?" வடிவு வீம்புக்குக் கேட்கவில்லை, நிஜமாகவே அவளுக்குத் தெரிந்துகொள்ள வேண்டியிருந்தது. தெரிந்ததைச் சொல்வதற்குத்தானே கோர்ட்டு, தெரியாததைத் தெரியாதென்று சொன்னால் அதுவும் தெரிந்ததைச் சொன்னதுதானே.

ஜெஸிந்தா நிமிர்ந்து பார்த்தது. போர்டில் நாற்பத்தெட்டு. "இருங்க, யோசிக்க விடுங்க" என்று கட்டைப் பிரித்து ரெண்டு பக்கம் புரட்டியது. "ஏழு மாசமாச்சு. என்ன குற்றம்னு சார்ஜ் மெமோ குடுக்கல, சஸ்பென்ஷனை மறு ஆய்வும் பண்ணல. அது ஒண்ணே போதும்னு நினைக்கிறேன். ஆறாவது பத்தியை வலியுறுத்தலன்னு சொல்லிடறேன். ஆனா நீதிபதி ஏன்னு கேட்டா என்னால சமாளிக்க முடியாது. நீங்க கையெழுத்துப் போட்ட பத்திரம் அது. தள்ளுபடி ஆனாலும் ஆகும். சம்மதமா?"

தள்ளுபடி என்றால் எத்தனை மாதம்? இன்னும் ஏழா, பதினாலா? காலையில் எழுந்து எங்கும் போக வேண்டியதில்லாத இன்னொரு வருஷம். பள்ளிக்கூடத்து வழியே கடைக்குப் போகாமல் சுற்றிப்போகிற இன்னொரு வருஷம், வேறு யாரோ அடிக்கிற மணி வீட்டுக்குள் வந்து விழ, இவன் கொஞ்சம் முந்திவிட்டான், இவன் பிந்திவிட்டான் என்று மோரைக் கடைந்துகொண்டே சொல்லிக்கொள்கிற இன்னொரு வருஷம்.

"சம்மதந்தான் மேடம்" என்றாள்.

உள்ளே ஏசி குளிர். பின்வரிசையில் சுவரோரமாக நின்றாள். நீதிபதி அவள் நினைத்ததைவிட இளமையாக இருந்தார், கண்ணாடியை நெற்றிக்கு ஏற்றி இறக்கிக்கொண்டிருந்தார். ஏன் என்று கேட்டால் என்ன சொல்வது என்று அவள் மனசுக்குள் ஒத்திகை பார்த்துக்கொண்டாள். அய்யா, ஒன்று ஐந்து வரைக்கும் எனக்கு எல்லாம் தெரியும். அதிலிருந்து ஆரம்பிக்கலாம். தண்ணீர் சூடாக இருந்ததைச் சொல்ல வேண்டும், அண்டா இழுத்ததைச் சொல்ல வேண்டும், எழுதுகிற சத்தத்தைச் சொல்ல வேண்டும், அந்தப் பழைய நினைப்பைக்கூடச் சொல்லிவிடலாம், இத்தனை வழக்கு கேட்டவர், இத்தனை மனுஷர் செய்ததையெல்லாம் கேட்டவர், இது எந்த ரகம் என்று அவருக்குத் தெரிந்திருக்கும். ஐம்பத்திரண்டு என்று கூப்பிட்டார்கள். ஜெஸிந்தா எழுந்து இங்கிலீஷில் ஏதோ சொன்னது, சிக்ஸ் என்ற வார்த்தை மட்டும் வடிவுக்குப் புரிந்தது. நீதிபதி தலையை நிமிர்த்தவில்லை. அரசு வக்கீலைப் பார்த்து ஒரு கேள்வி கேட்டார். அரசு வக்கீல் அவகாசம் வேண்டும் என்பதுபோல் கையை விரித்தார். நீதிபதி விரல் விட்டு மாதத்தை எண்ணினார், ஏழாவது விரலில் நிறுத்தினார், கீழே உட்கார்ந்திருந்த பெண்ணிடம் நாலைந்து வரி சொன்னார், அந்தப் பெண் தட்டச்சு செய்தது. அவ்வளவுதான். ஜெஸிந்தா குனிந்து வணங்கிவிட்டுத் திரும்பியது. அதற்குள் ஐம்பத்துமூன்றைக் கூப்பிட்டுவிட்டார்கள். ஒரு நிமிடம்கூட ஆகியிருக்காது.

வெளியே வந்ததும் ஜெஸிந்தா அவள் கையைப் பிடித்துக்கொண்டது. "ரத்து பண்ணிட்டாங்கக்கா. ஆர்டர் காப்பி கிடைச்ச ரெண்டு வாரத்துல உங்களை வேலையில சேர்க்கணும்."

வடிவு தூணைப் பிடித்துக்கொண்டாள். கண்ணில் நீர் வந்தது, அதைத் துடைத்தாள், மறுபடி வந்தது. "ஏன்னு கேக்கவே இல்லியே" என்றாள்.

"கேக்கல. நல்லவேளை. ஆனா விசாரணை நடத்துறதுன்னா சட்டப்படி நடத்திக்கலாம்னு சொல்லியிருக்காங்க. அதனால டிபார்ட்மென்ட்ல விசாரணை அலுவலர் போட்டு உங்களைக் கூப்பிடலாம். அதுக்குப் பயப்பட வேண்டாம்."

"அப்ப அவங்க கேப்பாங்களா?"

ஜெஸிந்தா அவளை ஒரு மாதிரிப் பார்த்தது. கேட்க வேண்டும் என்று இந்த அம்மாள் ஆசைப்படுகிறாளா என்று அதற்கும் புரிந்திருக்காது. படிக்கட்டுப் பக்கம் வேப்பமரத்து நிழலில் நின்று வடிவு போனைப் போட்டாள், முதலில் மகளுக்கு, மகள் அழுதாள், அப்புறம் தங்கப்பழத்துக்கு. பள்ளிக்கூட இரைச்சல் பின்னால் கேட்டது.

"சார், ரத்தாயிட்டு. கடிகாரம் தப்புன்னு சொன்னதையும் வேண்டாம்னு சொல்லியாச்சு. உங்களுக்கு இனி ஒண்ணும் வராது."

அந்தப் பக்கம் ஒரு நாற்காலி நகர்கிற சத்தம் கேட்டது.

"அடடா" என்றார் தங்கப்பழம். "நான் திங்கக்கிழமையே எழுதிக் குடுத்துட்டேனே வடிவம்மா."

"என்ன எழுதினீங்க?"

"பேட்டரி மாத்த மறந்துட்டேன், அதுல முள்ளு தாறுமாறா ஓடிருச்சுன்னு. நம்பணும்லா, அதான் கொஞ்சம் விளக்கமா எழுதினேன்."

"சார், பேட்டரி போனா கடிகாரம் பிந்தும், முந்தாது."

"அது எனக்கும் எழுதி முடிச்சப்புறந்தான் தோணிச்சு" என்றார், அவர் சிரிப்பது கேட்டது. அவள் சிரிக்கவில்லை. "ஏன் சார் எழுதினீங்க, பதினாலு மாசத்த வச்சிக்கிட்டு" என்றாள், குரல் கொஞ்சம் உயர்ந்துவிட்டது. அவர் சொல்வதற்கு எதையோ தேடுகிற மாதிரி இருந்தது. உங்கள் பிள்ளை படிப்பு, பால்துரை எனக்கு வேண்டியவன், இப்படி ஏதாவது வரும் என்று வடிவு காத்திருந்தாள், ஒன்றும் வரவில்லை. "என்னமோ எழுதணும்னு இருந்திச்சு. பேனாவ எடுத்தேன், எழுதிட்டேன்" என்றார். அப்புறம், "பஸ்ஸுல ஜன்னல் பக்கம் உக்காராதீங்க, வெயில் அடிக்கும்" என்று வைத்துவிட்டார். வடிவு போனைக் கையில் வைத்துக்கொண்டு நின்றாள். பேனாவை எடுத்தேன், எழுதிட்டேன். பால்துரையோடு நெருங்கிப் பழகிய மனிதர் இல்லை அவர், சொந்தக்காரரும் இல்லை, பள்ளிக்கூடத்தில் அதிகம் பேசாதவர், வருஷத்துக்கு ஒருதரம் காலண்டர் தருவார். அந்த மனிதர் திங்கட்கிழமை மேசையில் உட்கார்ந்து ஒரு பொய்யை, அதுவும் நடக்க முடியாத பொய்யை, விளக்கமாக எழுதியிருக்கிறார். அதைக் கையில் வாங்கினவர்கள் சிரித்திருப்பார்கள், சிரித்துவிட்டு அவரைப் பிடித்துக்கொள்வார்கள். அப்படியானால் எந்த நோக்கத்தில் எழுதினார் என்று அவருக்கே பிடிபடவில்லை. கை எழுதிவிட்டது. வடிவு தன் வலது கையைத் திருப்பிப் பார்த்தாள். கம்பி உரசி உரசிக் காய்த்த இடம் இந்த ஏழு மாதத்தில் மெத்தென்று ஆகியிருந்தது. இந்தக் கை செய்ததற்கு அவள் ஏழு மாதமாக அஞ்சிக்கொண்டிருந்தாள், உள்ளே எதுவோ கெட்டது ஒன்று உட்கார்ந்திருக்கிறது என்று. கெட்டதாகவும் இருக்கலாம், இல்லையென்று சொல்வதற்கில்லை. ஆனால் யோசிக்காமல் எழும்பிய கை ஒன்று பிள்ளைகளுக்கு ஒன்பது நிமிடத்தை இல்லாமல் ஆக்கியது, யோசிக்காமல் எழுதிய கை இன்னொன்று இப்படியும் ஒன்று செய்திருக்கிறது, இரண்டையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்துப் பார்த்தால் எதுவும் தெளிவாகவில்லை, ஆனால் பார்க்கிறதற்குப் பயம் குறைந்திருந்தது.

"மேடம், ஒரு வெள்ளைத்தாள் தாங்க" என்றாள்.

ஜெஸிந்தா கொடுத்தது. வடிவு படிக்கட்டில் உட்கார்ந்து, வழக்குக் கட்டை மடியில் வைத்து, அதன்மேல் தாளை வைத்து எழுதினாள். விசாரணை அலுவலர் அவர்களுக்கு. கடிகாரம் சரியாக ஓடியது. அதைச் சரிசெய்தபோது நான் கூட இருந்தேன். எழுத்தர் திரு. தங்கப்பழம் எழுதிக் கொடுத்தது உண்மையல்ல, எனக்காக எழுதியது. மணி ஒன்று ஐந்து என்று பார்த்துத் தெரிந்துகொண்ட பிறகுதான் நான் ஒன்று ஆறுக்கு நீள மணி அடித்தேன். முப்பத்தெட்டு மாணவிகள் பாதிக்கப்பட்டார்கள். இதுவரை எழுதிவிட்டு நிறுத்தினாள். அடுத்த வரிக்குக் கொஞ்ச நேரம் ஆயிற்று. ஏன் அடித்தேன் என்று எனக்குத் தெரியவில்லை. எனக்குத் தோன்றும் எல்லாவற்றையும் கேட்டால் சொல்கிறேன். நீங்கள் கண்டுபிடித்தால் எனக்கும் தெரிவிக்கவும்.

ஜெஸிந்தா தோளுக்கு மேலாக எட்டி வாசித்தது. இரண்டு தடவை வாசித்தது. "உங்க வக்கீலா நான் இதைக் குடுக்க வேண்டாம்னுதான் சொல்லணும்."

"சொல்லிட்டீங்கள்லா" என்றாள் வடிவு.

ஜெஸிந்தா சிரித்துவிட்டு, பேனா மூடியைப் பேனாவிலேயே மாட்டியது. வடிவு கையெழுத்துப் போட்டாள். கீழே தேதி போட்டாள். போட்டுவிட்டு நிமிர்ந்து, நேரமும் போடணுமா மேடம் என்று கேட்டாள். நேரம் வேண்டாம்க்கா, தேதி போதும் என்றது ஜெஸிந்தா.